அழாமல் வந்த அம்மா

பிபிசியில் வாராவாரம் வந்து இருந்த ஈழத்து அம்மா ஒருவரைப் பற்றி, கிளிநொச்சி விறாந்தை ஒன்றிலிருந்து

சனிக்கிழமை இரவு பத்தரை மணி. இரணைமடுப் பக்கம், பெரியம்மா வீட்டு விறாந்தை. பின்னேரம் பெய்த மழைக்கு ஈசல் கிளம்பி லைற்றைச் சுற்றி விழுந்துகொண்டிருந்தது. பெரியம்மா உள்ளே போய்ப் பித்தளைச் செம்பைக் கொண்டுவந்து ஸ்டூலில் வைத்தார். அந்தச் செம்பின் ஒரு பக்கம் உள்ளே நசுங்கியிருக்கும். 2009இல் தருமபுரத்திலிருந்து இடம்பெயர்ந்தபோது லான்ட்மாஸ்ரர் பெட்டியில் ஏதோ பாரமான சாமான் அதன்மேல் விழுந்து நசுங்கியது. அந்தப் பள்ளத்தில் போனைச் சாய்த்தால் அசையாமல் நிற்கும். வேறு எதில் வைத்தாலும் வழுக்கிவிடும் என்பார்.

லண்டனில் அப்போது பின்னேரம் ஆறு. அக்காவின் மகள், ஒன்பது வயசு, போனைத் திருப்பித் தங்கள் வீட்டு ரீவியைக் காட்டினாள். அரைவட்டமாக எட்டுப் பேர் நிற்கிறார்கள். நடுவில் கண்ணாடி போட்ட தாடிக்காரர் ஒருவர் கேள்வி கேட்கிறார். சிரிக்காமல் ஏதோ சொல்கிறார், எல்லோரும் சிரிக்கிறார்கள்.

"ஆர் தம்பி இந்தப் பெடியன்? எங்கட ஆள் மாதிரிக் கிடக்கு."

"எங்கட ஆள்தான் அம்மா," அக்காவின் குரல் பின்னாலிருந்து வந்தது. "ரங்கநாதன்."

"எந்த ரங்கநாதன்? எவடம்?"

அக்காவுக்கு விடை தெரியவில்லை. எவடம் என்று கேட்டால் எந்த ஊர், எந்தக் குறிச்சி, யாருடைய பேரன் என்பதெல்லாம் அதற்குள் அடங்கும். லண்டனில் அந்தக் கேள்விக்கு யாரும் விடை வைத்திருப்பதில்லை. அதற்குள் பிள்ளை போனில் பழைய துணுக்கு ஒன்றைத் தேடி எடுத்துவிட்டாள். "அம்மம்மா, இது அவற்ற அம்மா." திரையில், நிறையப் பேருக்கு நடுவில் எங்கள் வயசாளி ஒருவர் இருந்து, மகனுக்கு ஆங்கிலத்தில் மறுமொழி சொல்லிக்கொண்டிருந்தார். பெரியம்மா கதிரையை இழுத்துக் கிட்டப் போட்டார். அவருக்கு ஆங்கிலம் ஒரு சொல்லும் தெரியாது. இரண்டு நிமிஷம் கேட்டிருப்பார்.

"இவ எங்கட பாசையிலதான் இங்கிலிஸ் கதைக்கிறா," என்றார்.

ஆடி, ஆவணி விடுமுறைக்கு வந்துபோன பிள்ளைகள் எங்கள் பக்கத்து வீடுகளில் விட்டுப்போனவற்றில் இந்தத் துணுக்குகளும் உண்டு. ரொமேஷ் ரங்கநாதன் யார் என்று இப்போது கடைத்தெருவிலும் கேட்கிறார்கள். மகனைப் பற்றி ஆங்கிலத்தில் நிறைய எழுதியாகிவிட்டது. எனக்கு அந்த அம்மாவைப் பற்றித்தான் எழுத வேண்டும்.

எந்த ரங்கநாதன்?

முதலில் மகன். 1978 மார்ச்சில் இங்கிலாந்தின் தெற்கே குரோலி என்ற ஊரில் பிறந்தவர். பெற்றோர் இலங்கைத் தமிழர். 83 ஆடிக் கலவரத்துக்கு ஐந்து வருஷம் முன்பே அங்கே பிறந்த பிள்ளை என்பதை மனதில் வைத்துக்கொள்ள வேண்டும். வன்னியிலிருந்து முகவருக்குக் காசு கட்டி, பனியில் நடந்து, அகதி முகாமில் கைரேகை வைத்துப் போனவர்களின் கதை இல்லை இது. அப்பா கணக்காளர். வீடு, தனியார் பள்ளிக்கூடம் என்று நல்லபடியாகத் தொடங்கிய குடும்பம்.

பிறகு சரிந்தது. வீடு கைவிட்டுப் போனது. அப்பா மோசடி வழக்கில் சிறைக்குப் போனார். அம்மா சாந்தி, ரொமேஷையும் அவரது சகோதரனையும் வைத்துக்கொண்டு முதலில் வாடகை விடுதி ஒன்றிலும், பிறகு அரசாங்கம் கொடுத்த வீட்டிலும் இருந்தார். இதெல்லாம் ரொமேஷ் தானே மேடையிலும் 2018இல் வெளியான தன் வாழ்க்கைக் கதை நூலிலும் வெளிப்படையாகச் சொன்னவை. எங்கள் ஊரில் இப்படி ஒன்று நடந்தால் மூன்று தலைமுறைக்கு மூடி வைப்போம். அவர் அதைச் சபையில் சொன்னார், அம்மா பக்கத்தில் இருக்கவே சொன்னார்.

▪ பெட்டிச் செய்தி: கணக்கு வாத்தியாரிலிருந்து பிபிசி வரை
குரோலியில் தான் படித்த ஹேசல்விக் பள்ளியிலேயே கணித ஆசிரியராக இருந்தவர் ரொமேஷ். வேலையை விட்டு மேடைச் சிரிப்புக்கு வந்தார். 2015இல் 'டாஸ்க்மாஸ்டர்' போட்டியின் முதல் தொடரில் ஐந்து போட்டியாளர்களில் ஒருவர். அதே ஆண்டில் 'ஏசியன் புரொவொகேட்டர்' என்ற தொலைக்காட்சித் தொடர். ஸ்கையின் 'எ லீக் ஒஃப் தெயர் ஓன்' விளையாட்டு வினாடி வினாவில் வழமையான முகம். 2021 டிசம்பரில் 'வீக்கெஸ்ட் லிங்க்' போட்டியைப் பிபிசி மீண்டும் தொடங்கியபோது கேள்வி கேட்பவர். 2024 ஏப்ரலில் இருந்து பிபிசி வானொலி 2இன் சனிக்கிழமைக் காலை நிகழ்ச்சி. பிரிட்டிஷ் தொலைக்காட்சியின் உயர்ந்த விருதான பாஃப்டா 2020இலும் 2021இலும் கிடைத்தது.

இருபத்தைந்து பேரில் ஒருவர்

2019 மே மாதம் பிபிசி 2இல் 'த ரங்கநேஷன்' தொடங்கியது. ரங்கநாதன் என்ற பெயரின் வாலில் 'நாடு' என்ற ஆங்கிலச் சொல்லை ஒட்டிய பெயர். ஒரு தமிழ்ப் பெயர் பாதி நாடாக மாறி பிபிசியின் நிகழ்ச்சி நிரலில் அச்சானது. பல இனம், பல தொழில், பல வயசு என்று 25 சாதாரண மக்களைப் படிக்கட்டு வரிசையில் இருத்தி, அந்த வாரச் செய்திகளைப் பற்றிக் கேள்வி கேட்டுவந்தார் ரொமேஷ். பரிசு இருக்கவில்லை, புள்ளியும் இருக்கவில்லை. கேள்வியும் மறுமொழியும் வாய்ச் சண்டையும்தான். அந்த 25 பேரில் ஒருவர் அம்மா சாந்தி.

பிரிட்டிஷ் போட்டி நிகழ்ச்சிகளைப் பார்த்துப் பழகியவர்களுக்கு ஒன்று தெரியும். வென்றவரை மறுவாரம் ஒருவருக்கும் நினைவிருக்காது. நினைவில் நிற்பவர் வாராவாரம் அதே கதிரையில் இருப்பவர். 'கவுண்ட்டவுன்' என்ற சொற்போட்டி 1982 நவம்பர் 2 அன்று, சனல் 4 தொடங்கிய முதல் நாளிலேயே ஒளிபரப்பானது. அதில் எத்தனையோ ஆயிரம் பேர் வந்து எழுத்துகளைக் கூட்டிச் சொல் செய்துவிட்டுப் போய்விட்டார்கள். 1992இலிருந்து அகராதியோடு மூலையில் இருக்கும் சூசி டென்டைத்தான் பிரிட்டன் தன் வீட்டு ஆள் போல நினைக்கிறது. இடம் மாறாமல் இருப்பதற்கு அப்படி ஒரு வலு உண்டு. ஒருவர் ஒருமுறை வந்தால் விருந்தாளி. பத்தாம் முறை வந்தால் அவருடைய இருமலே வீட்டுக்காரருக்குத் தெரிந்துவிடும்.

சாந்தி அம்மா அப்படித்தான் பழகினார். தொடக்கம் 2015. மகன் வேரை மறந்துவிட்டான், தமிழும் பேசத் தெரியாது என்பது அம்மாவின் குறை. அதிலிருந்துதான் 'ஏசியன் புரொவொகேட்டர்' பிறந்தது. மகனை இலங்கைக்கு அனுப்பி, உறவினர்களிடம் ஒப்படைத்து, பழக்கவழக்கம் படித்துக்கொண்டு வா என்றார். அடுத்த ஆண்டு இரண்டாம் தொடரில் அம்மாவும் மகனும் சேர்ந்து அமெரிக்கா போனார்கள். பிறகு ரங்கநேஷனின் கதிரை.

2020இல் கொரோனா வந்து ஸ்டூடியோக்கள் பூட்டுப்பட்டபோது ரொமேஷ் தன் வீட்டிலிருந்தே நிகழ்ச்சியை நடத்தினார். 25 பேரும் தத்தம் வீட்டிலிருந்து சின்னச் சின்னச் சதுரங்களாகத் திரையில் வந்தார்கள். அந்தத் தொடரின் துணுக்கு ஒன்றைப் பார்த்தபோது, எனக்கு அது வன்னியில் எத்தனையோ வருஷமாக நடக்கும் சங்கதி மாதிரியே இருந்தது. மகன் ஒரு சதுரம், அம்மா ஒரு சதுரம். சுவிஸ் ஒரு சதுரம், கனடா ஒரு சதுரம், நடுவில் இரணைமடு. "கேக்குதோ? கேக்குதோ?" என்று தொடங்கும் எங்கள் வாழ்க்கை.

சைக்கிள் மிதித்துக் கேட்ட பிபிசி

பிபிசி என்ற சொல் வன்னிக்குப் புதிதில்லை. இன்று முப்பது வயசுக்குள் இருப்பவர்களுக்கு இதைச் சொல்லித்தான் விளங்கப்படுத்த வேண்டும்.

1990இல் தொடங்கிய பொருளாதாரத் தடையில் பற்றரி வராது, மண்ணெண்ணெய் வராது, பெற்றோல் வராது. கரண்ட் என்ற பேச்சே இல்லை. வீட்டில் ரேடியோ இருக்கும், அதற்கு உயிர் கொடுக்க வழி இருக்காது. சைக்கிளைக் கவிழ்த்து வைத்து, டைனமோவிலிருந்து வயர் இழுத்து ரேடியோவில் பொருத்துவோம். பெரியம்மாவின் மூத்த மகன் கையால் பெடலைச் சுற்றுவார். அன்ரனாவில் கட்டிய கம்பியை நான் பிடித்துக்கொண்டு நிற்பேன். அண்ணாவின் கை களைத்து வேகம் குறைந்தால், லண்டனிலிருந்து பேசும் பிபிசி ஆனந்தி அக்காவின் குரல் தேயும். "டேய் சுத்து, சுத்து" என்று முற்றத்தில் கூடியிருக்கும் பெரியவர்கள் சத்தம் போடுவார்கள். குரல் மறுபடி எழும்பி வரும்.

இரவு ஒன்பதேகாலுக்குப் பிபிசியின் தமிழோசை. கொழும்பு 1996இல் மணிக்கூட்டை முன்தள்ளி வைத்தபோது, புலிகளின் கட்டுப்பாட்டில் இருந்த வன்னி பழைய நேரத்திலேயே நின்றது. ஒரே தீவில் இரண்டு நேரம் ஓடியது, லண்டன் செய்தி மட்டும் எங்களுக்கு நேரம் பிசகாமல் வந்தது. ஜெயசிக்குறு இராணுவ நடவடிக்கை நடந்த நாட்களில் ஷெல் எங்கே விழுந்தது, எந்தப் பாதை பூட்டு என்பதற்கெல்லாம் ஒரு நம்பிக்கை அந்தக் குரல்.

1941இல் தொடங்கிய தமிழோசையின் சிற்றலை ஒலிபரப்பு 2017 ஏப்ரல் 30 அன்று நின்றது. அன்றிரவு எங்கள் வீட்டில் யாரும் ரேடியோ போடவில்லை. அதற்கு முன்பே போனுக்கு மாறிவிட்டோம். இருந்தாலும் லண்டன் என்றால் எங்களுக்கு ஒரு குரல்தான். அந்தப் பக்கத்திலிருந்து எங்கள் முகம் ஒன்று வரும் என்று யாரும் எதிர்பார்க்கவில்லை.

படத்தைக் கொஞ்சம் உயர்த்திப் பிடியுங்கோ

முகம் வந்தது. எப்படி வந்தது என்பதில்தான் நெஞ்சு அடைக்கிறது.

2009 வசந்தத்தில் லண்டன் பாராளுமன்றச் சதுக்கத்தில் எங்கள் பிள்ளைகள் 73 நாள் நின்றார்கள். பிரிட்டிஷ் செய்திகளில் தமிழர் என்ற சொல் அடிக்கடி அடிபட்ட காலம் அது. 2011 ஜூன் 14 இரவு சனல் 4, ஜோன் ஸ்னோ தொகுத்து வழங்க, கல்லம் மக்ரே இயக்கிய 'இலங்கையின் கொலைக்களங்கள்' ஆவணப்படத்தை ஒளிபரப்பியது. முள்ளிவாய்க்கால் வரை ஓடியவர்களின் கடைசி மாதங்கள். கைத்தொலைபேசியில் எடுத்த காட்சிகள். பதுங்குகுழி, தறப்பாள், கதறும் தாய்மார். 2013இல் அதே இயக்குநரின் 'நோ ஃபயர் ஸோன்'. அந்தப் படங்கள் இல்லாவிட்டால் உலகம் எங்களை நம்பியிருக்காது. அவற்றை எடுத்தவர்களுக்கும் காட்டியவர்களுக்கும் வன்னி கடன்பட்டிருக்கிறது. ஆனால் அந்த வருஷங்களில் பிரிட்டிஷ் திரைக்குத் தெரிந்த ஈழத்து அம்மா என்பவர் தலைவிரிகோலமாக அழும் ஒருவர் மட்டுமே.

2017 பெப்ரவரி 20 அன்று கிளிநொச்சி கந்தசாமி கோயில் முன்றலில், காணாமல் ஆக்கப்பட்டவர்களின் உறவினர்கள் தொடர் போராட்டம் தொடங்கினார்கள். அதே மாதம் வவுனியாவிலும், அடுத்த மாதம் முல்லைத்தீவிலும். ஏ9 வீதியால் போகிறவர்கள் அந்தக் கொட்டகையையும் சட்டம் போட்ட படங்களையும் பார்த்திருப்பீர்கள். பெரியம்மாவும் அங்கே போய் இருந்தவர். பெடல் சுற்றிய அண்ணாவின் படம் அவர் மடியில் இருக்கும். பதினெட்டு வயசில் எடுத்த அடையாள அட்டைப் படத்தைப் பெருப்பித்தது.

ஒருநாள் வெளிநாட்டுத் தொலைக்காட்சி ஒன்று வந்தது. மொழிபெயர்த்த பெடியன், "அம்மா, படத்தைக் கொஞ்சம் உயர்த்திப் பிடியுங்கோ" என்றான். பிடித்தார். பிறகு அண்ணாவைக் கடைசியாகக் கண்ட நாளைச் சொல்லச் சொன்னான். சொன்னார். கண் கலங்கியதும் கமரா கிட்ட வந்ததாம். மொத்தமாகப் பத்து நிமிஷம். அது எந்த நாட்டில், எந்த இரவில் ஓடியது, ஓடியதா இல்லையா என்று பெரியம்மாவுக்கு யாரும் சொல்லவில்லை. தன்னை ரீவியில் அவர் இன்றுவரை கண்டதில்லை.

அன்றிரவு விறாந்தையில் சாந்தி அம்மாவின் துணுக்கு முடிந்ததும் பெரியம்மா கொஞ்ச நேரம் பேசாமல் இருந்தார். செம்பில் விழுந்த ஈசலை விரலால் தட்டிவிட்டார். பிறகு என்னைப் பார்த்துக் கேட்டார்:

"இவவை ஒருத்தரும் அழச்சொல்லிக் கேக்கேல்லையோ?"

சிரிப்பு யாருடையது?

உண்மையைச் சொல்வதானால், முதல் துணுக்கைப் பார்த்தபோது எனக்கு நெஞ்சு பதறியது. எங்கள் அம்மா ஒருவர் எங்கள் உச்சரிப்பில் ஆங்கிலம் பேச, வெள்ளைக்காரச் சபை சிரிக்கிறது. எதைப் பார்த்துச் சிரிக்கிறது?

பயத்துக்குக் காரணம் இருக்கிறது. 1977இல் ஐடிவியில் தொடங்கிய 'மைன்ட் யுவர் லாங்குவேஜ்' நாடகத்தை எங்கள் ஊரிலும் எத்தனை பேர் பார்த்துச் சிரித்தோம்! ஆங்கிலம் படிக்க வந்த சீக்கியர், பாகிஸ்தானியர், சேலை கட்டிப் பின்னல் ஊசியோடு வந்த பெண் என்று அதில் வந்த ஒவ்வொருவரும் வாய் திறந்தாலே பகிடி. 2001இல் 'த குமார்ஸ் அட் நம்பர் 42' வந்தது. இந்தியக் குடும்பம் ஒன்று வீட்டிலேயே பேட்டி நிகழ்ச்சி நடத்தும் கதை. அதில் வாயாடிப் பாட்டியாக வந்தவர் மீரா சியால், அப்போது அவருக்கு நாற்பது வயசு. நரைமுடி வைத்து நடித்தார், அபாரமாக நடித்தார். ஆனாலும் அது வேஷம். உண்மையான பாட்டியைத் திரைக்குக் கொண்டுவர அந்தக் காலம் இன்னும் துணியவில்லை.

2007இல் சனல் 4இன் 'செலிபிரிட்டி பிக் பிரதர்' வீட்டுக்குள் இந்தி நடிகை ஷில்பா ஷெட்டியை என்ன பாடு படுத்தினார்கள் என்பது எல்லோருக்கும் நினைவிருக்கும். உச்சரிப்பைப் பழித்தார்கள், பெயரைச் சரியாகச் சொல்ல மறுத்தார்கள், அப்பளத்தின் பெயரை அவருக்குப் பட்டமாக வைத்தார்கள். ஒளிபரப்பு ஒழுங்காற்று அமைப்புக்கு 40,000க்கு மேல் முறைப்பாடுகள் போயின. கடைசியில் மக்கள் வாக்கில் ஷில்பாவே வென்றார்.

அதற்குப் பன்னிரண்டு வருஷம் கழித்து ரங்கநேஷன். என்ன மாறியிருக்கிறது என்று தேடித்தான் ஒவ்வொரு துணுக்கையும் திருப்பித் திருப்பிப் பார்த்தேன். மாறியது சிரிப்பின் திசை. அம்மா பேசும்போது சபை பார்ப்பது மகனின் முகத்தை. நாடறிந்த மனிதர், நாக்கில் கத்தி வைத்திருப்பவர், தாய் வாய் திறந்ததும் பத்து வயசுப் பொடியனாகி முழிக்கிறார். அடி வாங்குபவர் அவர். எந்த நாட்டிலும், எந்தப் பாஷையிலும் அம்மாவிடம் வாங்கிக்கட்டிய பிள்ளைகள் இருப்பதால் சிரிப்பு வருகிறது. உச்சரிப்பு அப்படியே இருக்கிறது, திருத்தப்படவில்லை. யாரும் அதற்கு மன்னிப்புக் கேட்கவும் இல்லை.

இதை மிகைப்படுத்த நான் விரும்பவில்லை. ஒரு சிரிப்பு நிகழ்ச்சியால் எந்தத் தாய்க்கும் பிள்ளை திரும்பி வரப்போவதில்லை, ஹீத்ரோவில் எந்த விசாவும் இலகுவாகப் போவதில்லை. ஆனால் பிரிட்டனில் ஒரு சராசரி வீட்டுக்காரருக்கு இலங்கைத் தமிழ் அம்மா என்றதும் நினைவுக்கு வரும் முகம் இரண்டாகியிருக்கிறது. இரண்டாவது முகத்துக்கு வாய் இருக்கிறது.

▪ பெட்டிச் செய்தி: 'வீக்கெஸ்ட் லிங்க்' விளையாடுவது எப்படி?
2000 ஆகஸ்ட் 14 அன்று பிபிசி 2இல் ஆன் ராபின்சன் நடத்தத் தொடங்கிய வினாடி வினா இது; அக்காவின் மகள் ரீவியில் காட்டிய போட்டி. போட்டியாளர்கள் சங்கிலி போல ஒருவர் பின் ஒருவராக விடை சொல்ல வேண்டும். விடை சரியானால் பணம் ஏறும், ஒருவர் பிழைவிட்டால் ஏறியதெல்லாம் அழியும். தன் கேள்வி வருமுன் "பேங்க்" என்று சொன்னால் அதுவரை சேர்ந்த பணம் பத்திரம். ஒவ்வொரு சுற்று முடிவிலும் சங்கிலியின் பலவீனமான கண்ணி யார் என்று மற்றவர்கள் வாக்களித்து வெளியேற்றுவார்கள். இந்தியாவில் 2001இல் ஸ்டார் பிளஸில் 'கம்சோர் கடி கோன்' என்ற பெயரில் நீனா குப்தா நடத்தினார். பிரிட்டனில் 2012இல் நின்றுபோன போட்டியை ரொமேஷோடு பிபிசி மீட்டபோது எட்டுப் பிரபலங்கள் போட்டியிட்டு, வென்ற பணத்தைத் தருமத்துக்குக் கொடுப்பதாக மாற்றினார்கள்.

"பிள்ளைக்குத் தமிழ் தெரியாதோ?"

விடுமுறைக்கு வரும் பிள்ளைகளிடம் நாங்கள் கேட்கும் முதல் கேள்வி இதுதான். பிள்ளையிடம் கேட்பதில்லை, அதன் தலைக்கு மேலால் தாயிடம் கேட்போம். தாய் தலை குனிவாள். வற்றாப்பளைப் பொங்கலுக்கு வந்த வெளிநாட்டுப் பிள்ளை ஒன்று கூட்டத்தில் கை தவறி நின்றபோது, தகப்பன் பெயரைக்கூடத் தமிழில் சொல்லத் தெரியாமல் தவித்ததை நான் கண்டிருக்கிறேன். நின்றவர்கள் அந்தப் பிள்ளைக்குத் தண்ணி கொடுத்தார்கள், தாய்க்குப் பேச்சுக் கொடுத்தார்கள்.

ஏசியன் புரொவொகேட்டர் அதே காட்சியைப் பிள்ளையின் பக்கத்திலிருந்து காட்டுகிறது. முப்பத்தேழு வயசு மனிதர், மூன்று பிள்ளைகளின் தகப்பன், சொந்தக்காரர் நடுவில் நின்று முழிக்கிறார். எல்லோரும் தன்னைப் பற்றித்தான் பேசுகிறார்கள் என்று தெரிகிறது, என்ன பேசுகிறார்கள் என்று தெரியவில்லை. எங்கள் பேரப்பிள்ளைகள் ஒவ்வொரு ஆடியும் அனுபவிப்பது இதைத்தான். பாசம் கொட்டிக் கிடக்கும், ஒரு சொல் கைக்கு எட்டாது.

அந்த அம்மா பிள்ளைக்கு ஏன் தமிழ் படிப்பிக்கவில்லை என்று கேட்பவர்களுக்கு நான் அந்த வாடகை விடுதி அறையை நினைவுபடுத்துவேன். வீடு போய், கணவன் சிறையில் இருக்க, இரண்டு பெடியன்களுக்குச் சாப்பாடு கொடுத்துப் பள்ளிக்கு அனுப்பிய பெண் அவர். மொழியை விட்டவர்கள் எல்லோரும் மானம் இல்லாதவர்கள் என்று மேடையில் முழங்குவது லேசு. எங்கள் அக்கா இரண்டு வேலை செய்கிறாள், காலை நாலரைக்கு எழும்புகிறாள். பிள்ளைக்குத் தமிழ் கிடைப்பது சனிக்கிழமைக் காலையில் தமிழ்ப் பள்ளியில் இரண்டு மணித்தியாலம், இரவில் இந்தச் செம்பில் சாய்ந்த போனில் ஒரு மணித்தியாலம். சாந்தி அம்மாவுக்கு அந்த இரண்டாவதும் வாய்க்காத காலம் அது. கடிதம் போய்ச் சேர ஒரு மாதம் எடுத்த காலம்.

இன்னொரு விளைவை அக்காதான் சொன்னாள். பிள்ளையின் பெயர் நீளம். பள்ளியில் முதல் இரண்டு எழுத்தை மட்டும் வைத்துக் கூப்பிட்டார்கள், பிள்ளையும் அதையே எழுதப் பழகிவிட்டது. ஒருநாள் ரீவியில் 'ரங்கநாதன்' என்று முழுப்பெயரையும் அறிவிப்பாளர் தடக்காமல் சொன்னதைக் கேட்டு, "அவையளுக்கு இது சொல்ல வருமெண்டால் என்ர பேரும் வரும்தானே?" என்று கேட்டதாம். அடுத்த கிழமை கொப்பி அட்டையில் முழுப்பெயரையும் எழுதிக்கொண்டு போனது. 2024இல் பிபிசியின் 'மாஸ்டர்செஃப்' சமையல் போட்டியில் வென்ற மிருக வைத்தியரின் பெயர் பிரின் பிரதாபன். அவரும் இலங்கைத் தமிழ்ப் பெற்றோரின் பிள்ளை. கொழும்பில் தமிழ்க் குடும்பத்தில் பிறந்த ஜோர்ஜ் அழகையா, 2023இல் மறையும்வரை, பிபிசியின் மாலைச் செய்திக்கு மரியாதைக்குரிய முகமாக இருந்தார். இந்தப் பெயர்கள் எல்லாம் ஒரு ஒன்பது வயசுப் பிள்ளையின் கொப்பி அட்டைக்கு வந்து சேர்கின்றன.

கிளிநொச்சியின் பிள்ளை

எங்கள் மண்ணிலிருந்தே போட்டி மேடைக்குப் போன பிள்ளையைச் சொல்லாமல் இந்தக் கதையை விட முடியாது. கிளிநொச்சியில் பிறந்து, சக்தி தொலைக்காட்சியில் செய்தி வாசித்த லொஸ்லியா 2019 ஜூனில் விஜய் டிவியின் 'பிக் பாஸ்' மூன்றாம் தொடருக்குள் போனார். ஒல்லாந்தில் 1999இல் பிறந்து, 2000இல் பிரிட்டனுக்கு வந்து, அங்கிருந்து உலகம் முழுக்கப் பேர்பெற்ற அதே 'பிக் பிரதர்' விளையாட்டின் தமிழ் வடிவம். கமல்ஹாசன் நடத்த, 105 நாள் தாக்குப்பிடித்து மூன்றாம் இடத்துக்கு வந்தார். மலேசியாவின் முகேன் வென்றார்.

அந்தத் தொடரில் வன்னி வீடுகளில் யாரும் மறக்காத நாள், கனடாவிலிருந்து அப்பா வந்து அந்த வீட்டுக் கதவைத் தள்ளிக்கொண்டு உள்ளே நுழைந்த நாள். பத்து வருஷமாக நேரில் காணாத அப்பா. மகள் ஓடிப்போய் விழுந்து அழுதாள். எங்கள் ஒழுங்கையில் அன்றிரவு ஒரு வீட்டில்கூடச் சத்தம் இல்லை. போட்டியைப் பார்த்தவர்கள் போட்டியை மறந்தார்கள். ஒவ்வொருவரும் தங்கள் வீட்டுக் கதவைத்தான் பார்த்தார்கள். அடுத்த வருஷம் நவம்பரில் அந்த அப்பா கனடாவில் காலமானபோது, முகம் தெரியாத எத்தனையோ பேர் இங்கே விளக்கு வைத்தார்கள்.

அதையும் பெரியம்மா பார்த்தவர். அப்போது அவர் அழுததை நான் கண்டேன். சாந்தி அம்மாவுக்கு அவர் அழவில்லை. அவரைப் பார்க்கும்போது பெரியம்மாவின் முகத்தில் இருப்பது வேறொன்று. சந்தையில் தன் வயசுக்காரி ஒருத்தி மீன்காரனோடு விலை பேசி வெல்வதைத் தள்ளி நின்று பார்க்கும் முகம்.

வாற சனி

இப்போதெல்லாம் சனி இரவு போனில் விளையாட்டு நடக்கிறது. பேத்தி லண்டனில் சோபாவுக்குப் பின்னால் நின்று, குரலைத் தடிப்பாக்கி, ரொமேஷ் மாதிரிக் கேள்வி கேட்பாள். தனக்குத் தெரிந்த தமிழில்தான் கேட்க வேண்டும் என்பது அக்கா போட்ட சட்டம்.

"அம்மம்மா, உங்கட ஆடு எத்தினை குட்டி போட்டது?"

"மூண்டு."

"சரி! குட்டின்ர நிறம்?"

பெரியம்மா வாயைத் திறந்தவர், எதையோ நினைத்து நிறுத்தினார். கையை உயர்த்தினார்.

"பேங்க்!"

பிள்ளை விழுந்து விழுந்து சிரித்தாள். எத்தனை பவுண் என்று பெரியம்மா கேட்டார். ஆயிரம் என்றாள். அண்ணாவின் படம் உள் அறைச் சுவரில், விறாந்தையிலிருந்து பார்த்தால் தெரிகிற இடத்தில்தான் இருக்கிறது. அடுத்த கேள்வி அதைப் பற்றியே வந்தது. "அம்மம்மா, பின்னால இருக்கிற படத்தில ஆர்?"

"உன்ர பெரிய மாமா. நல்லாச் சைக்கிள் பெடல் சுத்துவான்."

பிள்ளைக்குப் பெடல் என்ற சொல் விளங்கியது, ஏன் சுற்ற வேண்டும் என்பது விளங்கவில்லை. பெரியம்மா சொல்லத் தொடங்கினார். பற்றரி, தடை, டைனமோ, கவிழ்த்து வைத்த சைக்கிள். சொல் வராத இடத்தில் கையால் சுற்றிக் காட்டினார். அக்கா இடையிடையே ஆங்கிலத்தில் சொல்லிக்கொடுத்தாள். பாதியில் போன் சிவப்புக் காட்டி அணைந்துவிட்டது.

பெரியம்மா செம்பை எடுத்துத் துடைத்து உள்ளே கொண்டுபோனார். நான் செருப்பைப் போடும்போது வாசலில் வந்து நின்றார்.

"லண்டனில வாற கிழமை நேரம் மாத்துறாங்களாம். இனிப் பதினொண்டரைக்குத்தான் வருமாம். நித்திரையைப் பாராமல் வா தம்பி. பாதியில நிண்டுபோச்சு, மிச்சத்தைச் சொல்லவேணும்."